டவுன் லோடு இறக்கிய கதை

இப்படி நாலு பேர் இருந்தார்கள் என்று சொன்னால் நீங்கள் நம்ப வேண்டாம். நம்பாமலே கேளுங்கள். கதை ஒன்றும் எடை குறைந்து போகாது.

ஏழுவாய்க்கால் சந்தையில் மூட்டை இறக்குகிறவர்கள் நாலு பேர். மேஸ்திரி ஆவுடையப்பன். தோள் அகலம், காது கூர்மை. கேட்டது கேட்டபடி உள்ளே போகும். உள்ளே போனதை அவர் கிளறிப் பார்க்கிறதில்லை. அடுத்தவன் வண்டிமறிச்சான், சங்கத்துச் செயலாளர், சட்டம் பேசுகிறவன். மூன்றாவது நயினார், ஏழாம் வகுப்பை மூன்று வருஷம் படித்தவன், ஆகவே நாலு பேரில் அதிகம் படித்தவன். நாலாவது லூர்து. அவனுக்குச் சந்தேகம் வரும். வந்தால் போகாது.

முப்பது வருஷத்துக்கு முன்னே அந்த ஊரில் ஒரு சினிமாப் படம் பிடித்தார்கள். பெயரே 'கோணப்பாலம்'. சந்தைக்கும் வீடுகளுக்கும் நடுவில், வாய்க்கால் மேலே கோணிக்கொண்டு நிற்கிறதே, அந்தப் பாலம்தான். ஊர்ப் பெண்கள் பச்சைச் சேலை கட்டி, இடுப்பில் பித்தளைச் செம்போடு பாலத்தில் நடந்து போவார்கள். ஒருத்தி முகம் மட்டும் கண் சிமிட்டுகிற நேரம் பெரிதாகத் தெரியும். படம் நாலு நாள் ஓடிற்று. படப்பெட்டி எங்கே போயிற்று என்று எடுத்தவருக்கே தெரியாது.

அந்த முகம் தன்னுடையது என்று மேஸ்திரி பெண்டாட்டி வடிவு முப்பது வருஷமாகச் சொல்லிக்கொண்டிருந்தாள். தன்னுடையது என்று மேஸ்திரி தங்கச்சி கோமுவும் அதே முப்பது வருஷமாகச் சொல்லிக்கொண்டிருந்தாள். போன மாசம் ஒரு கல்யாண வீட்டில், பாயசத்துக்கும் அப்பளத்துக்கும் நடுவே, ரெண்டு பேரும் மோதிக்கொண்டார்கள். "நீங்களே சொல்லுங்க" என்று மேஸ்திரி முன்னால் வந்து நின்றார்கள்.

மேஸ்திரி அப்பளத்தை நொறுக்கிக்கொண்டே யோசித்தார். "கோமு மாதிரிதான் ஞாபகம்" என்றார்.

வடிவு பெட்டியை எடுத்தாள். "அந்தப் படத்தைப் போட்டுப் பாத்து, அது நான்தான்னு உங்க வாயால என்னைக்குச் சொல்லுதீகளோ, அன்னைக்கு வாரேன்" என்று அம்மை ஊருக்கு பஸ் ஏறிவிட்டாள்.

அன்றிலிருந்து மேஸ்திரி வீட்டில் லூர்து சமையல். உப்புப் போட்டோமா என்று அவனுக்குச் சந்தேகம் வரும். வந்தால் போகாது. ஒவ்வொரு சந்தேகத்துக்கும் ஒரு கை உப்பு. பத்தாம் நாள் மேஸ்திரிக்குக் கண் கலங்கிவிட்டது. "வடிவு வரணும்லே. இல்லன்னா நான் ஊறுகாயாப் போயிருவேன்" என்றார்.

சந்தை முக்கில் ஜெரினா என்று ஒரு பெண் ஜெராக்ஸ் கடை வைத்திருந்தாள். ரேஷன் கார்டு, பட்டா, பரீட்சை முடிவு எல்லாம் கம்ப்யூட்டரில் எடுத்துக் கொடுப்பாள். நாலு பேரும் அங்கே போய் வரிசையாக நின்றார்கள். ஜெரினா அரைமணி நேரம் தேடினாள்.

"அண்ணாச்சி, முறையாக் காசு கட்டிப் பாக்கிற எடத்துல இந்தப் படம் இல்ல. ஒரே ஒரு சைட்டுல கிடக்கு. அது அனுமதி இல்லாத கள்ள சைட்டு. எனக்கு மனசே இல்ல."

"வடிவு இல்லாம எனக்கு வீடே இல்ல தாயி" என்றார் மேஸ்திரி.

ஜெரினாவுக்கு இரக்கமாகிவிட்டது. "சரி. மூலையில ஒரு பழைய கம்ப்யூட்டர் இருக்கு. அதுல ஒண்ணும் கிடையாது, கெட்டாலும் கெட்டுட்டுப் போவுது. அதுல டவுன்லோடு பண்ணிக்கிடுங்க."

வண்டிமறிச்சான் நிமிர்ந்தான். "டவுன் லோடா? டவுன்ல இருந்து வார லோடு எதுவா இருந்தாலும் நம்ம சங்கத்துக்குத்தான் பாத்தியதை. வேற யாரும் இறக்கக் கூடாது."

"வேற யாரும் வரமாட்டாங்க அண்ணாச்சி. நான் நாளன்னைக்குத் தங்கச்சி வீட்டு விசேஷத்துக்குப் போறேன். பக்கத்தைத் தமிழ்ல வர மாதிரி வச்சுட்டு, சாவி தந்துட்டுப் போறேன். ஆனா நான் சொல்லுத அஞ்சு விசயத்தை மறக்கக் கூடாது. மறந்தா ஆபத்து."

நயினார் ஒரு பழைய சாக்கை விரித்துக் கரிக்கட்டியால் எழுதிக்கொண்டான்.

"ஒண்ணு, பச்சையா, பெருசா, 'இறக்கு இறக்கு'ன்னு மின்னும். தொடவே தொடாதீங்க. அம்புட்டும் ஏமாத்து. ஓரத்துல சின்னதா ஒண்ணு இருக்கும், அதுதான் நிஜம். ரெண்டு, பேரு, போன் நம்பர் எவன் கேட்டாலும் குடுக்காதீங்க. மூணு, நடுவுல ஜன்னல் ஜன்னலாத் திறக்கும். திறக்கத் திறக்க மூடிருங்க. நாலு, நான் சொருகி வச்சிருக்கிற இந்தப் பென் டிரைவ் குச்சியிலதான் படம் வந்து விழும், இதைத் தவிர எதையும் பிடுங்காதீங்க. அஞ்சு, ஸ்கேன் பண்ணாம படத்தைத் திறக்கவே கூடாது."

"என்னைக்கு இருந்து இதையெல்லாம் கடைப்பிடிக்கணும்?" என்று லூர்து சந்தேகம் கேட்டான்.

"இப்ப இருந்தே மனசுல வச்சுக்கோங்க" என்றாள் அந்தப் புண்ணியவதி.

இப்போதிருந்தே வைத்துக்கொண்டார்கள்.

மறுநாள் காலை சிவனணைஞ்ச பெருமாள் மண்டிக்கு ஒரு லாரி வந்து நின்றது. முந்நூறு வாழைத்தார். நாலு பேரும் தார்ப்பாயை அவிழ்த்தார்கள். அவிழ்த்த கையோடு பின்னால் நகர்ந்தார்கள்.

"என்னவே பாத்துக்கிட்டு நிக்கீரு? இறக்கும்!" என்றார் முதலாளி.

நயினார் மேஸ்திரி காதில் சொன்னான். "பச்சையா இருக்கு."

"பெருசாவும் இருக்கு" என்றான் வண்டிமறிச்சான்.

"இறக்குங்கவே! வெயில் ஏறுது! இறக்குங்க, இறக்குங்க!"

"'இறக்கு இறக்கு'ன்னு மின்னவும் செய்யுது" என்றார் மேஸ்திரி. முதலாளியின் மொட்டைத் தலை வெயிலில் மின்னியது உண்மைதான்.

"அப்போ நிஜம் எது?" என்று லூர்து கேட்டான். லாரியைச் சுற்றிப் பார்த்தார்கள். முன்பக்கம் ஓரத்தில், திருஷ்டிக்காகக் கட்டியிருந்த எலுமிச்சம்பழம் ஒன்று சின்னதாகத் தொங்கிக்கொண்டிருந்தது. நாலு பேரும் சும்மாடு கட்டி, 'ஏலேலோ' போட்டு, அந்த எலுமிச்சம்பழத்தை இறக்கி, மண்டியில் நட்டநடுவே வைத்தார்கள். கூலி கூடக் கேட்கவில்லை. முதலாளி எலுமிச்சம்பழத்தையும் லாரியையும் மாறி மாறிப் பார்த்தார். வாழைத்தார் லாரியிலேயே அரைப்பழம் ஆயிற்று.

அன்று சாயங்காலம் மேஸ்திரி போன் அடித்தது. தெரியாத நம்பர். அம்மை ஊரில் கோபம் ஆறிப்போய், பக்கத்து வீட்டுக்காரி போனை வாங்கி வடிவு கூப்பிடுகிறாள். வியாழக்கிழமை வருகிறேன் என்று சொல்லத்தான்.

"யாரு, நீங்களா பேசுதீக?"

மேஸ்திரி சாக்கைப் பார்த்தார். "அதைச் சொல்ல மாட்டேன்."

"என்னது? உங்க பேரைச் சொல்லுங்க, குரலே சரியில்லையே."

"பேரு கேட்டா குடுக்கக் கூடாது."

"அய்யோ! நான் யாருன்னாவது தெரியுதா?"

"தெரிஞ்சாலும் சொல்லுததுக்கு இல்ல."

அந்தப் பக்கம் ஒரு விம்மல் கேட்டது, போன் நின்றுவிட்டது. மேஸ்திரி நெற்றி வேர்வையைத் துடைத்தார். "எப்படியெல்லாம் கேட்டுப் பாத்தா தெரியுமா? ஒரு எழுத்து விடலையே நான்" என்றார். மூன்று பேரும் அவர் தோளைத் தட்டிக் கொடுத்தார்கள்.

புதன்கிழமை. ஜெரினா சாவியைக் கொடுத்துவிட்டுப் போய்விட்டாள். நாலு பேரும் குளித்து, விபூதி பூசி, லூர்து சிலுவை போட்டுக்கொண்டு, கம்ப்யூட்டர் முன்னால் உட்கார்ந்தார்கள். நயினார் எழுத்துக் கூட்டி வாசித்தான்.

"'நான் ரோபோ அல்ல.' பக்கத்துல ஒரு கட்டம். அமுக்கணுமாம்."

"ரோபோன்னா என்னலே?" என்றார் மேஸ்திரி.

"அது ஒரு மிஷின் மனுசன் அண்ணாச்சி. சொன்னதைச் சொன்னபடி செய்யும். சுயமா யோசிக்காது."

ஒருத்தர் முகத்தை ஒருத்தர் பார்த்தார்கள்.

"அப்போ நாம…" என்று லூர்து ஆரம்பித்தான்.

"ரோபோவுக்கு வேர்க்காது. நமக்கு வேர்க்குது. அமுக்குலே" என்றார் மேஸ்திரி.

அமுக்கினதும் ஒன்பது படம் வந்தது. "லாரி உள்ள கட்டங்களைத் தொடவும்" என்று நயினார் வாசித்தான். நாலு பேர் முகமும் மலர்ந்துவிட்டது. இந்த ஒரு பரீட்சைக்காகத்தானே பிறந்தது!

"இந்தா, இது லாரி."

"எங்க லாரி? நாலு சக்கரம். மினி வண்டி அது."

"பின்னால ரெட்டைச் சக்கரம் மறைஞ்சு நிக்குலே."

"அதெல்லாம் இருக்கட்டும். தார்ப்பாய் கட்டியிருக்கான் பாரு" என்றான் வண்டிமறிச்சான். "சரக்கோட நின்னா அதுக்குப் பேரு லோடு. காலியா நின்னாத்தான் லாரி. சங்கத்துத் தீர்மானம் இருக்கு."

தீர்மானப்படி அமுக்கினார்கள். மிஷின் ஒத்துக்கொள்ளவில்லை, வேறு ஒன்பது படம் காட்டியது. ஆறு தடவை இப்படி. லாரியைப் பார்த்தே இராதவன் அரை நிமிஷத்தில் முடிக்கிற காரியம். கடைசியில் நயினாருக்குக் கண் பூத்துப்போய், கண்ணை மூடிக்கொண்டு மூன்று கட்டத்தைக் குத்தினான். சரி என்று வந்துவிட்டது.

அப்புறம் ஆரம்பித்தது ஜன்னல். "அண்ணாச்சி, ஜன்னல் திறக்குது!" என்று நயினார் கத்தினான். லூர்து ஓடிப்போய்க் கடை ஜன்னலைச் சாத்தினான். "இன்னொண்ணு!" வண்டிமறிச்சான் மற்ற ஜன்னலைச் சாத்தினான். கடைக்கு ஜன்னல் ரெண்டுதான். கம்ப்யூட்டரிலோ நின்றபாடில்லை. லூர்து தெருவில் இறங்கித் தையல் கடை, மாவு மில், பால் சொசைட்டி என்று சாத்திக்கொண்டே போனான். பதினான்கு திறந்தது, பதினான்கையும் சாத்திவிட்டு வந்தான். மாவு மில்லுக்குள்ளே இருந்தவர்கள் ஒருத்தரை ஒருத்தர் பார்க்க முடியாமல் மாவோடு இருமுகிற சத்தம் முக்கு வரை கேட்டது.

"வாசக் கதவையும் சாத்தவா?" என்று கேட்டான்.

"சாக்குல ஜன்னல்னுதான் இருக்கு" என்றான் நயினார்.

பச்சையாய்ப் பெரிதாய் ஐந்து 'இறக்கு' மின்னிற்று. நாலு பேரும் நாற்காலியைப் பின்னால் இழுத்துக்கொண்டார்கள். ஓரத்தில் எறும்பு மாதிரி ஒன்று தென்பட, நயினார் அமுக்கினான். முட்டாளுக்கும் நல்ல புத்தி சொன்னால் ஒரு இடத்தில் பலிக்கத்தான் செய்கிறது. படம் இறங்க ஆரம்பித்தது.

"எம்புட்டு லோடு?"

"ஆயிரத்து நானூறு எம்.பி.ன்னு போட்டிருக்கு."

"எம்.பி.ன்னா?"

"மூட்டைப் பாரம்" என்றான் நயினார், யோசிக்காமல். படித்தவன் அல்லவா.

"ஆளுக்கு முந்நூத்தம்பது மூட்டை!" மேஸ்திரி எழுந்து துண்டை உதறினார். அதற்குள் வண்டிமறிச்சான் அலறினான். "அண்ணாச்சி! தானா இறங்குது! சங்கத்து ஆள் கை படாம இந்தச் சந்தையில ஒரு லோடு தானா இறங்கலாமா? நாளைக்கு வெங்காயமும் தானா இறங்குவேன்னு சொல்லும். நிறுத்துங்க!"

"நிறுத்தினா வடிவு வரமாட்டாளே!"

கால் மணி நேரம் விவாதம் நடந்தது. முடிவு இது: லோடு எந்த வழியாக வருகிறதோ, அந்த வழியைச் சுமப்பது. சுவரிலிருந்து வருகிற வயரை எடுத்து, நாலு பேரும் தோளில் சும்மாடு போட்டு, அதன்மேல் வயரை வைத்து, வரிசையாக நின்றார்கள். ரெண்டு மணி நேரம். அசையவில்லை. தொண்ணூற்றொன்பதில் வந்து லோடு நின்றுவிட்டது.

"கடைசி மூட்டை எப்பவுமே கனக்கும். மூச்சைப் பிடிங்கலே" என்றார் மேஸ்திரி. மூச்சைப் பிடித்தார்கள். லூர்துக்குச் சந்தேகம் வந்து கீழே பார்த்தான். மீதி வயர் மேல் நின்றுகொண்டிருந்தான். காலை எடுத்தான். நூறு!

குச்சியைப் பிடுங்கி, ஒரு துண்டில் பொதிந்து, இடுப்பில் கட்டிக்கொண்டார் மேஸ்திரி. வடிவே அதற்குள் உட்கார்ந்திருக்கிற மாதிரி அவருக்கு ஒரு பூரிப்பு.

"திறந்து பாத்திருவோமா?" என்றான் லூர்து.

"அஞ்சாவது விதி. ஸ்கேன் எடுக்காமத் திறக்கக் கூடாது."

டவுனுக்குப் பஸ் ஏறினார்கள். ஸ்கேன் சென்டரில் ஒரே கூட்டம். மேஜையில் இருந்த பெண் தலை நிமிராமல் கேட்டாள். "யாருக்கு ஸ்கேன்?"

"உள்ளுக்குள்ள ஏதாவது கெட்டது இருக்கான்னு பாக்கணும்" என்றார் மேஸ்திரி.

"பேரு?"

"சொல்ல மாட்டோம்."

"போன் நம்பர்?"

"அதுவும் சொல்ல மாட்டோம்."

"பேரு நம்பர் இல்லாம எப்படிப் பதியுறது? யோசிச்சு வைங்க. அதுக்குள்ள அஞ்சு டம்ளர் தண்ணி குடிக்க வச்சுக் கூட்டிட்டு வாங்க. அடுத்தாளு வாங்க!"

தண்ணீர்க் கேன் பக்கம் போய், ஒரு டம்ளரில் தண்ணீர் பிடித்து, குச்சியை உள்ளே விட்டார்கள். நாலு தலையும் டம்ளருக்குள் எட்டிப் பார்த்தன.

"குறையவே இல்லையே" என்றான் வண்டிமறிச்சான்.

"நாம பாக்கோம்லா, கூச்சப்படுது" என்றான் லூர்து. "எல்லாரும் அங்கிட்டுத் திரும்புங்க."

திரும்பி நின்றார்கள். அப்புறமும் குறையவில்லை. லூர்து அடுத்த பெஞ்சில் குழந்தையோடு இருந்தவளிடம், பால் ஊட்டுகிற பாலாடையை வாங்கி, குச்சியை மடியில் போட்டு, கொஞ்சம் கொஞ்சமாகப் புகட்டினான். முதுகையும் தட்டினான். அஞ்சு டம்ளர் முடிந்தது. குச்சியின் வாயில் ரெண்டு குமிழி வந்தது. "ஏப்பம் விட்டாச்சு" என்றான்.

தண்ணீர் குடித்த அந்தக் குச்சியை அப்புறம் எதில் சொருகினாலும் படம் தெரியவில்லை. ஸ்கேன் எடுக்கிறவர் அதைப் பார்த்துவிட்டு அவர்களையும் பார்த்து, வாசலைக் காட்டினார்.

இதிலே ஒரு சங்கதி. வடிவின் அம்மை ஊர்க்காரர் ஒருத்தர் முழங்கால் வலிக்காக அங்கே உட்கார்ந்திருந்தார். ஊருக்குப் போய்ச் சொன்னார்: "உங்க ஆவுடையப்பனை மூணு பேர் ஸ்கேனுக்குக் கூட்டிட்டு வந்திருக்காங்க. பேரு கேட்டா பேரு வரலை. நம்பர் கேட்டா நம்பர் வரலை. பாலாடையிலதான் தண்ணி."

வடிவுக்கு உலகமே சுற்றிவிட்டது. போனில் பேசியதும் அப்படித்தானே! எது கையில் அகப்பட்டதோ அந்தச் சேலையைச் சுற்றிக்கொண்டாள், புருஷனுக்குக் கஷாயம் போட்டுப் பித்தளைச் செம்பில் ஊற்றினாள், சூப்பு வைக்க ஒரு கோழிக்குஞ்சைக் கூடையில் போட்டாள், விடியக்காலை முதல் பஸ்ஸில் புறப்பட்டாள். மெயின் ரோட்டில் இறங்கி, காய்கறி போடுகிற மூன்று சக்கரத் தட்டுவண்டியைப் பிடித்து, நேரே சந்தைக்கு வந்துவிட்டாள்.

நாலு பேரும் வெறுங்கையோடு, அழாத குறையாக உட்கார்ந்திருந்தார்கள். தட்டுவண்டி வந்து நின்றது. வடிவு நல்ல வாட்டசாட்டம். கட்டியிருந்தது பச்சைச் சேலை. மேஸ்திரியைப் பார்த்ததும் தட்டு மேலே எழுந்து நின்று, ரெண்டு கையையும் நீட்டி அழுதாள்.

"நல்லாத்தான் இருக்கீகளா? அய்யோ, பாத்துக்கிட்டே நிக்கீகளே, என்னை இறக்குங்க!"

மேஸ்திரி ஓடினார். பாதி வழியில் நின்றார். திரும்பி நயினாரைப் பார்த்தார்.

"பச்சையா இருக்கு" என்றான் நயினார், தயங்கித் தயங்கி.

"பெருசாவும்…" என்றான் வண்டிமறிச்சான்.

"'இறக்கு'ன்னுதான் சொல்லுது" என்றார் மேஸ்திரி.

"ஓரத்துல பாருங்க அண்ணாச்சி!" என்று லூர்து கத்தினான். தட்டின் ஓரத்தில், கூடைக்குள், சின்னதாகக் கோழிக்குஞ்சு. நாலு பேரும் கூடையை ஏலேலோ போட்டு இறக்கினார்கள். "வா மதினி" என்றான் வண்டிமறிச்சான், கோழிக்குஞ்சைப் பார்த்து.

வடிவுக்கு அழுகை நின்று கோபம் வந்துவிட்டது. தானே குதித்தாள். வண்டிமறிச்சான் குறுக்கே விழுந்தான். "தானா இறங்குத லோடு சங்கத்துல செல்லாது மதினி. ஏறுங்க மேல!"

"அப்போ நீங்க இறக்குங்களேன்!"

"அதுதான் தொடக் கூடாதே!"

ஏறவைத்துவிட்டார்கள். இனி இறக்கவும் முடியாது, இறங்கவும் முடியாது. சந்தையே கூடிவிட்டது. கடைசியில் லூர்துக்கு வாழ்க்கையில் முதல் தடவையாகச் சந்தேகமே இல்லாத ஒரு யோசனை வந்தது. "மதினியைத்தானே தொடக் கூடாது? வண்டியைத் தொடலாம்லா?"

பாலத்தில் வண்டி போகாமலிருக்கக் கல் நட்டிருக்கிறது. ஆகவே நாலு பேரும் தட்டுவண்டியை வடிவோடு சேர்த்துத் தோளில் தூக்கினார்கள். மேலே வடிவு, பச்சைச் சேலை, விழுந்துவிடாமல் இடுப்பில் அணைத்த பித்தளைச் செம்பு. கீழே நாலு தலை. கோணப்பாலத்தில் வண்டி ஆடி ஆடிப் போயிற்று. சில பேர் சாமி சப்பரம் என்று கன்னத்தில் போட்டுக்கொண்டார்கள். பூக்காரி ஒருத்தி முழம் பூவை வீசினாள். சந்தையில் இருந்தவன் எல்லாம் செல்போனில் படம் பிடித்தான். வீட்டு வாசலில், தானாக இறங்கினாளா இறக்கப்பட்டாளா என்று யாரும் கேட்பதற்குள், வடிவு அடுப்படிக்குள் போய்விட்டாள். அன்றைக்குக் குழம்பில் உப்பு அளவாக இருந்தது. மேஸ்திரி ரெண்டு தடவை சோறு வாங்கினார். படம் தண்ணீர் குடித்த கதையைக் கேட்டு வடிவு சிரித்துக்கூட விட்டாள். "போவுது, விடுங்க" என்றாள்.

சாயங்காலத்துக்குள் பாலத்தில் வடிவு போகிற படம் ஊர் முழுக்கப் பரவிவிட்டது. கோமு செல்போனைத் தூக்கிக்கொண்டு ஓடி வந்தாள்.

"அண்ணே, இதைப் பாத்தியா? அந்தப் பழைய படம் வந்திருச்சு! பாலத்துல பச்சைச் சேலை கட்டிச் செம்போட போறது நான்தான்!"

"காலையில போனது நானுடீ!" என்று வடிவு எழுந்தாள். "நீங்களே சொல்லுங்க. தூக்கிட்டு வந்தது நீங்கதானே?"

மேஸ்திரி படத்தை வாங்கிப் பார்த்தார். தூரத்தில் வைத்துப் பார்த்தார், கிட்டத்தில் வைத்துப் பார்த்தார்.

"தூக்கினது நான்தான்" என்றார். "ஆனா நான் வண்டிக்குக் கீழ இருந்தேன். மேல இருந்த முகத்தை நான் எங்க பாத்தேன்? இதுல பாத்தா, கோமு மாதிரிதான் இருக்கு."

மறுநாள் காலை ஜெரினா கடையைத் திறக்கும்போது வாசலில் நாலு பேர் வரிசையாக நின்றார்கள். மேஸ்திரி கையில் சும்மாடு தயாராக இருந்தது. இடுப்பில், குச்சி கட்டியிருந்த துண்டில், கோழிக்குஞ்சு.

"தாயி, வடிவு மறுபடியும் போயிட்டா. இன்னொரு படம் இறக்கணும். இது நேத்துப் பாலத்துல பிடிச்சது."